பெரியவனுக்கு, ஃபிளீட் மெயில் ஆபீஸ் வழியாக

அன்புள்ள பெரியவனுக்கு,

அப்பா எழுதிக்கொண்டது. இங்கே நான், உன் அம்மா, தங்கச்சி வீட்டார் எல்லாரும் நலம். அங்கே நீயும் மருமகளும் பேரனும் நலமாக இருக்க வேண்டும்.

ஐப்பசி மழை இந்த முறை நம் பக்கத்தை ஏமாற்றவில்லை. கிணற்றில் தண்ணீர் நன்றாக ஏறியிருக்கிறது. மேற்கு வேலியோரத்து முருங்கை சாய்ந்துவிட்டது. வெட்டுவதற்கு ஆள் கேட்டால், அவன் கேட்கும் கூலிக்கு நானே ஏறிவிடலாம் போலிருக்கிறது. உடனே கோபப்படாதே, ஏறவில்லை. உன் அம்மா ஏணியை எங்கேயோ ஒளித்துவைத்துவிட்டாள்.

இந்தக் காலத்தில் கடிதம் எதற்கு என்று நினைப்பாய். போன் அடிக்கிறது, நீ எடுப்பதில்லை. குறை சொல்லவில்லை. ஒரு கப்பலைக் கையில் வைத்திருப்பவனுக்கு அது கரையில் கட்டிக்கிடந்தாலும் நூறு வேலை. மருமகளிடம் கேட்டால் நன்றாகத்தான் இருக்கிறார், கொஞ்சம் அசதி என்கிறாள். அந்தப் பெண்ணுக்குப் பொய் சொல்ல வராது. அடுத்த வாக்கியத்திலேயே பேரனின் கணக்குப் பாடத்துக்குத் தாவிவிடுகிறாள். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் நீ பேசும் நேரத்துக்கு உன் அம்மா டிவி சத்தத்தைக் குறைத்துவிட்டு, போனை மடியில் வைத்துக்கொண்டு உட்காருகிறாள். எனக்கு அதைப் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை, வாசலுக்குப் போய்விடுகிறேன். அதனால்தான் பேனாவை எடுத்தேன்.

இரத்த அழுத்த மாத்திரையைத் தவறாமல் சாப்பிடு. காலையில் சாப்பிடு, ராத்திரி ஞாபகம் வந்து சாப்பிடாதே.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான் இப்போதெல்லாம் செய்தித்தாள் படிப்பதில்லை. புரை எடுத்த பிறகு பொடி எழுத்து தெரிவதில்லை. வெளியே என்ன நடக்கிறது என்பது எனக்குத் தெரியாது. நீ எதையும் எனக்கு விளக்க வேண்டியதும் இல்லை. விசாரணை நடக்கும்போது வெளியே வாய் திறக்கக்கூடாது என்ற ஒழுங்கு எனக்குத் தெரியாதா? விசாரணை என்று பொதுவாகச் சொல்கிறேன்.

மழை விட்ட இரவுகளில் மொட்டைமாடிக்குப் போகிறேன். விஜயநாராயணம் கடற்படைத் தளத்துக் கம்பிக் கோபுரங்களின் சிவப்பு விளக்குகள் தெளிவாகத் தெரிகின்றன. 1990-ல் ஐ.என்.எஸ். கட்டபொம்மன் தொடங்கியபோது நீ சின்னப் பையன். அந்தக் கோபுரம் யாரோடு பேசுகிறது என்று கேட்டாய். கடலுக்கடியில் கிடக்கும் நீர்மூழ்கிகளோடு என்றேன். மிகத் தாழ்ந்த அலைவரிசை, அதுதான் தண்ணீருக்குள் கொஞ்சமாவது இறங்கும். கீழே இருப்பவர்களுக்குக் கேட்கும், ஆனால் அதே வழியில் அவர்கள் திருப்பிப் பேச முடியாது. பதில் வராது என்று தெரிந்தும் ஏன் பேசுகிறார்கள் என்று அதற்கும் ஒரு கேள்வி கேட்டாய். நான் என்ன சொன்னேன் என்று நினைவில்லை. இந்தக் கடிதத்தையும் அந்தக் கோபுரத்துப் பேச்சாக வைத்துக்கொள். பதில் எழுத வேண்டாம்.

போன வருடம் எங்களை உன் கப்பலுக்கு அழைத்துப் போனாயே, அதைப் பற்றித்தான் இங்கே இன்னும் பேச்சு. உன் அம்மா கேபின் திரைச்சீலையைப் பற்றிப் பேசுகிறாள். நான் இயந்திர அறையைப் பற்றிப் பேசுகிறேன், கேட்க ஆளில்லை. உன் இன்ஜினியர் அதிகாரி என்னைச் சார் என்று கூப்பிட்டார். கொதிகலன் வேலைக்கு ஸ்டோக்கராகச் சேர்ந்து சீஃப் பெட்டி ஆபீசராக வெளியே வந்தவனை ஓர் அதிகாரி அப்படிக் கூப்பிட்டது கூச்சமாகவும் இருந்தது, பிடித்தும் இருந்தது. காஸ் டர்பைனைப் பெட்டிக்குள் மூடிவைத்திருக்கிறார்கள். ஆட்கள் குளிரூட்டிய அறையில் திரைக்கு முன்னால் உட்கார்ந்திருக்கிறார்கள். எங்கேயும் எண்ணெய்ப் பிசுக்கு இல்லை. இதற்குப் பெயர் இயந்திர அறையா என்று நான் கேட்டதற்கு எல்லாரும் சிரித்தார்கள்.

அங்கே ஒரு பையன் எனக்கு டீ கொண்டுவந்து கொடுத்தான். ஊர் சிவகங்கைப் பக்கம், அப்பாவுக்குச் செங்கல் சூளையில் வேலை என்றான். என் முழங்கையில் இருக்கும் தழும்பைப் பார்த்து, இது நீராவி சுட்டதா என்று கேட்டான். பார்த்ததும் அப்படிக் கேட்டவன் அவன் ஒருவன்தான். மற்றவர்கள் எண்ணெய்ச் சட்டி என்பார்கள். நான் வேலை பார்த்த பழைய விமானந்தாங்கிக் கப்பல் விக்ராந்தைப் பற்றிக் கேள்வி மேல் கேள்வி கேட்டான். நீராவிக் குழாயில் ஓட்டை விழுந்தால் கண்ணுக்குத் தெரியாது, அதனால் துடைப்பக் கம்பை முன்னால் நீட்டிக்கொண்டு நடப்போம், கம்பு அறுந்து விழுந்தால் அங்கேதான் கசிவு என்று சொன்னேன். அவன் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும் நீ.

அந்தப் பையன் நலமா?

நீ எழுத வேண்டாம் என்று சொன்னேன், அது அப்படியே இருக்கட்டும். மருமகளிடம் சொல். அவள் எனக்கு ஒரு வார்த்தை சொன்னால் போதும்.

தனியாகச் சாப்பிடாதே. கப்பலில் கேப்டன் தன் கேபினில்தான் சாப்பிட வேண்டும், அதிகாரிகளின் வார்டுரூமுக்கு அழைத்தால்தான் போக வேண்டும் என்ற மரபு எனக்கும் தெரியும். அது பழைய ராயல் நேவியிடமிருந்து வந்தது. வெள்ளைக்காரன் போனான், அவன் சாப்பாட்டு மேசை போகவில்லை. கீழே மெஸ் டெக்கில் நாங்கள் முழங்கை முட்டச் சாப்பிட்டோம், ஒருவன் கவளத்தை ஒருவன் எண்ணினோம். ஒருவன் ஒரு வேளை சாப்பிடாவிட்டால் அடுத்த வேளைக்குள் எல்லாருக்கும் தெரிந்துவிடும். உனக்கு அப்படி யாரும் இல்லை. கரைக்கு வந்துவிட்டாயானால் வீட்டில் பேரனோடு உட்கார்ந்து சாப்பிடு. ராத்திரியில் தனியாக வெளியே போய் நிற்காதே. காற்று ஒத்துக்கொள்ளாது, உனக்குச் சளி சீக்கிரம் பிடிக்கும்.

ஊரில் உன்னைப் பற்றிக் கேட்காத ஆள் இல்லை. ஆனால் ஒரு தொந்தரவு. கேப்டன் என்றதும் தரைப்படைக் கேப்டன் என்று நினைத்து, இவ்வளவு வருடமாகியும் இன்னும் கேப்டன்தானா என்று கேட்கிறார்கள். கடற்படையில் கேப்டன் என்றால் தரைப்படையில் கர்னலுக்குச் சமம் என்று விளக்கி எனக்குத் தொண்டை வற்றிவிட்டது. உன் சித்தப்பா அந்தச் சிரமமே படுவதில்லை. அடுத்தது கமோடோர், அதற்கடுத்து ரியர் அட்மிரல் என்று கல்யாண வீடுகளில் உனக்குப் பதவி உயர்வு கொடுத்துக்கொண்டிருக்கிறார். அவருக்கு எப்போதும் ராம் தாஸ் கட்டாரி கதைதான். செங்கல்பட்டில் பிறந்தவர், டஃபரின் பயிற்சிக் கப்பலின் முதல் அணி மாணவர், ஹூக்ளி ஆற்றில் வேலை பார்த்துவிட்டுக் கடற்படைக்கு வந்தவர், 1958 ஏப்ரல் 22-ல் இந்தியாவின் முதல் இந்தியக் கடற்படைத் தலைமைத் தளபதி. தரைப்படைக்கு 1949-லேயே கரியப்பா கிடைத்துவிட்டார், கடற்படை சுதந்திரம் வந்து பதினோரு வருடம் வெள்ளைக்காரத் தளபதிகளின் கீழேயே இருந்தது என்று உன் சித்தப்பா மூச்சு விடாமல் சொல்வார். செங்கல்பட்டுக்காரர் ஆகும்போது நம் நாங்குநேரிக்காரன் ஆக மாட்டானா என்று முடிப்பார்.

நான் அவரிடம் வாயை மூடும்படி சொல்லிவிட்டேன். அவர் சொல்வது நடந்தால் சந்தோஷம். நடக்காவிட்டால் ஒன்றும் இல்லை. ஒன்றும் இல்லை என்பதை இரண்டு தடவை எழுதுகிறேன், ஒன்றும் இல்லை. அமராவதிநகர் சைனிக் பள்ளிக்கு டிரங்குப் பெட்டியோடு போன பையன் கடக்வாஸ்லா ராணுவ அகாடமிக்குப் போய், வெலிங்டன் ஸ்டாஃப் காலேஜுக்கும் போய், ஒரு போர்க்கப்பலை நடத்தும் மேடையான பாலத்தில் நின்றுவிட்டான். நான் சேர்ந்த கடற்படையில் பாலத்துக்கு என் வகையினர் பெயின்ட் டப்பாவோடுதான் போனோம்.

இனி நான் எழுத உட்கார்ந்ததை எழுதுகிறேன். நீண்டுவிட்டால் பொறுத்துக்கொள். உனக்கு இந்தக் கதைகள் தெரியும். ஆனால் நீ இவற்றை மேலே நின்று படித்தவன், நான் கீழே நின்று பார்த்தவன்.

1971-ல் விக்ராந்தின் நான்கு கொதிகலன்களில் ஒன்றில் விரிசல். நான் அந்தக் கொதிகலன் அறையில் இருந்த பொடியன். கப்பலை முழு வேகத்தில் ஓட்ட முடியாது. வேகம் இல்லாவிட்டால் மேல்தளத்தில் காற்று போதாது, காற்று போதாவிட்டால் விமானம் ஏறாது. அந்தக் கப்பல் எதற்கு என்று கேட்டவர்கள் அன்று இருந்தார்கள். டிசம்பர் 4-ஆம் தேதி சீ ஹாக் விமானங்கள் காக்ஸ் பஜாருக்குக் கிளம்பின. விமானத்தை உந்தித் தள்ளும் கேடபல்ட் எங்கள் நீராவியில்தான் ஓடியது. மேலே ஒரு விமானம் போனால் கீழே அளவியில் முள் இறங்கும். முள்ளை ஏற்றுவோம், மறுபடி இறங்கும். போரில் நான் பார்த்தது அந்த முள் ஒன்றைத்தான். போன விமானம் திரும்பி வந்ததா என்பதுகூட மறுநாள் யாராவது சொன்னால்தான் உண்டு.

அப்போது கிழக்குக் கடற்படைக்குத் தலைவர் வைஸ் அட்மிரல் நீலகண்ட கிருஷ்ணன், நம் தமிழர். காஸி என்ற பாகிஸ்தான் நீர்மூழ்கி விக்ராந்தைத் தேடி வருகிறது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. எங்களை அந்தமான் பக்கம் அனுப்பி மறைத்துவிட்டு, விக்ராந்த் விசாகப்பட்டினத்திலேயே இருப்பதாக நம்பவைத்தார். அதற்கு அவர் செய்தவற்றில் ஒன்று ஒரு தந்தி. விக்ராந்தில் இருக்கும் ஒரு மாலுமி, உடல்நலமில்லாத தன் தாயைப் பற்றி விசாரிப்பதாக, எதிரி ஒட்டுக்கேட்கட்டும் என்றே ரகசியக் குறியீடு இல்லாமல் போன தந்தி. அப்படி ஒரு மாலுமியும் இல்லை, தாயும் இல்லை. உண்மையான விக்ராந்தில் இருந்த எங்களால் வீட்டுக்கு ஒரு வரி எழுத முடியவில்லை. உன் பாட்டி அந்த மாதம் முழுவதும் தபால்காரரைப் பார்த்தாலே எழுந்து உள்ளே போய்விடுவாராம். இதை உனக்குச் சொன்னதில்லை என்று நினைக்கிறேன்.

தந்தியோடு முடியவில்லை. ராஜ்புத் என்ற பழைய நாசகாரிக் கப்பலை விக்ராந்த் போல நடிக்கச் சொல்லிக் கடலுக்கு அனுப்பினார். தூண்டிலில் மாட்டும் புழு என்று அதில் இருந்தவர்களுக்குத் தெரியும். டிசம்பர் 3-ஆம் தேதி நள்ளிரவை ஒட்டி விசாகப்பட்டினத்துக்கு வெளியே காஸி வெடித்தது. உள்ளே இருந்த தொண்ணூறுக்கும் மேற்பட்டவர்களில் ஒருவரும் பிழைக்கவில்லை. ராஜ்புத் போட்ட குண்டில் மூழ்கியது என்பது நம் பக்கம் சொல்வது. தன் கண்ணியிலோ உள்வெடிப்பிலோ அழிந்தது என்பது அவர்கள் பக்கம் சொல்வது. அந்த விவாதம் இன்னும் தீரவில்லை.

காஸிக்குப் பதிலாக ராஜ்புத் போயிருந்தால்? அனுப்பியவர் கிருஷ்ணன். அந்த உத்தரவில் கையெழுத்துப் போட்டுவிட்டு அவர் சாப்பிட்டாரா, தூங்கினாரா என்று நான் பல தடவை யோசித்திருக்கிறேன். அவர் வீட்டு ஆட்களுக்குத்தான் தெரியும். உத்தரவு போடும் இடத்துக்கு வந்தவனுக்கு இந்த யோசனையிலிருந்து விடுதலை இல்லை. சரியாகவே உத்தரவு போட்டிருந்தாலும் இல்லை. டிசம்பர் 16-ல் டாக்காவில் சரணாகதிப் பத்திரத்தில் கையெழுத்தாகும் படத்தில் பின்னால் நிற்கிறார் பார், அந்த முகத்திலும் எனக்கு அதுதான் தெரிகிறது. உன் அம்மா அது வெயில் என்கிறாள்.

அடுத்தது முல்லா. நீ அமராவதிநகரில் பேச்சுப் போட்டியில் பரிசு வாங்கியது கேப்டன் மகேந்திரநாத் முல்லாவைப் பற்றிப் பேசித்தான். அந்தக் கோப்பை இன்னும் ஷோகேசில் இருக்கிறது. 1971 டிசம்பர் 9 இரவு, டையூவுக்கு அருகே குக்ரி கப்பலை ஹாங்கோர் என்ற பாகிஸ்தான் நீர்மூழ்கி டார்பிடோ போட்டு மூழ்கடித்தது. 18 அதிகாரிகள், 176 மாலுமிகள். தன் உயிர்காப்பு உடையை இன்னொருவருக்குக் கொடுத்துவிட்டு முல்லா கப்பலோடு போனார். மகாவீர் சக்கரம் கொடுத்தார்கள். நீ அந்த இடத்தில் குரலை இறக்கிப் பேசியதும் மண்டபமே எழுந்து நின்றது. நானும் நின்றேன்.

அவரைக் குறைத்துச் சொல்ல எனக்கு நாக்கு வராது. சில நிமிடங்களில் முறிந்து மூழ்கிய கப்பல் அது. அவர் முடிவெடுத்தது அந்த நிமிடங்களுக்குள். அதை யாரும் தராசில் வைக்க முடியாது. ஆனால் அன்று தண்ணீரில் மிதந்து பிழைத்தவர்கள் அறுபதுக்கும் மேல். டிசம்பர்க் கடலில், இருட்டில், எண்ணெயில் முங்கி, எத்தனை பேர் போனார்கள் என்று தெரியாமல் கிடந்தவர்கள். கீழ்த்தட்டில் வேலை பார்த்தவன் நான் என்பதால் என் கண் அவர்கள் பக்கம்தான் போகிறது. அந்த மிதவையில் அவர்களுக்கு ஒரு கேப்டன் தேவைப்பட்டிருப்பார். கரை சேர்ந்த பிறகு இன்னும் தேவைப்பட்டிருப்பார். இதை உன் பேச்சுப் போட்டியில் யாரும் சொல்லவில்லை. நான் சொல்கிறேன். மூழ்காத கப்பலின் கேப்டன் முல்லாவாக முடியாது. முயலவும் கூடாது. புரிகிறதா? கேபின் கதவைத் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு தூங்காதே.

கடற்படைத் தலைமைத் தளபதியாக இருந்த அட்மிரல் தேவேந்திர குமார் ஜோஷியை உனக்கு என்னைவிட நன்றாகத் தெரியும், நீ அவர் காலத்தில் வேலை பார்த்தவன். 2013 ஆகஸ்ட் 14-ல் மும்பையில் சிந்துரக்ஷக் நீர்மூழ்கி வெடித்துப் பதினெட்டுப் பேர் போனார்கள். 2014 பிப்ரவரி 26-ல் சிந்துரத்னா நீர்மூழ்கியில் புகை, இரண்டு இளம் அதிகாரிகள் போனார்கள். அன்றைக்கே தார்மீகப் பொறுப்பு என்று ஜோஷி ராஜினாமா செய்தார். ஓய்வுபெற இன்னும் ஒரு வருடத்துக்கு மேல் இருந்தது. அன்று எங்கள் பழைய மாலுமிகள் கூட்டத்தில் பெரிய சண்டை. இப்படி ஒரு மனிதர் வேண்டும் என்று பாதிப் பேர். கோளாறைச் சரிசெய்யக்கூடிய ஆளே போய்விட்டால் யார் சரிசெய்வது என்று மீதிப் பேர். நான் முதல் பாதியில் இருந்தேன். இப்போது கேட்டால் எந்தப் பாதி என்று சொல்லத் தெரியவில்லை. ஆனால் ஒன்று பார். அந்த மனிதர் காணாமல் போகவில்லை. 2017-ல் அந்தமான் நிகோபாருக்குத் துணைநிலை ஆளுநராகப் போனார். போனை எடுத்துப் பேசியிருப்பார் என்று நினைக்கிறேன்.

நீ காகிதம் எதையாவது எழுதிக் கொடுக்கும் யோசனையில் இருந்தால் அவசரப்படாதே. விசாரணை முடியட்டும். பொதுவாகச் சொல்கிறேன் என்று மறுபடி எழுதக் கை வரவில்லை.

கொதிகலன் அறையைப் பற்றி இன்னொன்று. சண்டை நிலை என்று அறிவித்ததும் நீர்புகாக் கதவுகளை மூடிக் கிளிப் போடுவார்கள். எங்கள் தலைக்கு மேலே இருக்கும் ஹேட்சும் மூடும். தீ பிடித்தாலும் அதே கதைதான். அறையை மூடித் தீயை மூச்சுத் திணறவைத்தால்தான் மற்றக் கப்பல் பிழைக்கும். இதை லோனாவ்லாவில் இயந்திரப் பயிற்சியின்போதே எங்களுக்குச் சொல்லிக்கொடுத்துவிட்டார்கள். மேலே மூடும் சத்தம் கேட்கும்போது என்ன நினைப்பீர்கள் என்று அந்தச் சிவகங்கைப் பையன் என்னைக் கேட்டான். அவன் அதையும் கேட்டான் பெரியவனே. உண்மையைச் சொன்னேன். பயந்தோம். சாமி பெயரைச் சொன்னோம். வேறு மொழிக்காரர்கள் அவர்கள் சாமி பெயரைச் சொன்னார்கள். சோற்றைத் திட்டினோம், சம்பளத்தைத் திட்டினோம், அதிகாரிகளை நாள் முழுவதும் திட்டினோம். ஆனால் ஹேட்சை மூடியவனை ஒருவரும் திட்டியது கிடையாது. அவன் மூடவில்லை என்றால்தான் திட்டியிருப்போம். அந்தப் பையன் தலையாட்டினான். தெரியும் என்றான்.

யார் மூடச் சொன்னது என்று நான் கேட்கவில்லை. கேட்கவும் மாட்டேன்.

டீக்கடையில் செய்தித்தாளை வாசித்தவர் பெயரை வாசிக்கவில்லை. மாவட்டத்தையும் வயதையும் மட்டும் வாசித்துவிட்டு அடுத்த பக்கத்துக்குப் போய்விட்டார். அந்த மாவட்டத்திலிருந்து உன் கப்பலில் எத்தனை பேர் இருப்பார்கள் என்று நானாகக் கணக்குப் போட்டுப் பார்க்கிறேன். நிறையப் பேர் இருக்கலாம். வேறு பையனாக இருந்தால் அவனுக்கும் ஓர் அப்பா இருப்பார். ஆகையால் அதில் எனக்கு ஆறுதல் எதுவும் இல்லை.

நீ அந்த வீட்டுக்குப் போக வேண்டும்.

உடலோடு ஓர் அதிகாரி போயிருப்பார். கொடி போர்த்தியிருப்பார்கள், வேட்டுச் சத்தம் கேட்டிருக்கும், சேர வேண்டிய பணத்துக்கு எழுத்து வேலை நடக்கும். அதெல்லாம் முறை. நான் சொல்வது நீ போவதை. விசாரணை முடியும்வரை போகக்கூடாது என்றால் முடிந்த மறுநாள் போ. சீருடையில் போ. சாதாரணச் சட்டையில் ஒளிந்துகொண்டு வந்தது போல இருக்கக்கூடாது. அந்த ஊரே வெளியே வந்து பார்க்கட்டும். உள்ளே விடாவிட்டால் திண்ணையில் உட்கார். தண்ணீர் கொடுத்தால் குடி, கொடுக்காவிட்டால் கேட்காதே. என்ன நடந்தது என்று கேட்பார்கள். சொல்லக்கூடியதைச் சொல். சொல்லக்கூடாததைச் சொல்ல அனுமதி இல்லை என்று அப்படியே சொல், சுற்றி வளைக்காதே. செங்கல் சூளையில் வேலை பார்க்கும் மனிதருக்குச் சுற்றி வளைத்துப் பேசுகிறவர்களைத் தெரியும், சம்பளம் கேட்கும் நாளெல்லாம் கேட்கிற பேச்சு அது.

அவர் உன்னைத் திட்டலாம். அந்தத் தாய் மண்ணை வாரித் தூற்றலாம். நின்று வாங்கிக்கொள். அவர்களுக்குக் கை நீட்டித் திட்டுவதற்கு ஓர் ஆள் வேண்டும். கடற்படையைத் திட்ட முடியாது, அது அவ்வளவு பெரியது. ராஜினாமா செய்துவிட்டுப் போனவனையும் திட்ட முடியாது, செத்துப்போனவனைத் திட்டவே முடியாது. நீ உயிரோடு இருக்கும் கேப்டன். அந்த வீட்டுக்கு உன்னால் ஆகக்கூடிய உபகாரம் இப்போதைக்கு அது ஒன்றுதான். அதற்கு நீ சாப்பிட்டு, தூங்கி, நிற்கும் நிலையில் இருக்க வேண்டும். மாத்திரை, மாத்திரை என்று நான் நச்சரிப்பது அதற்காகவும்தான்.

ஒரு தடவை போய்விட்டு வந்தால் முடிந்தது என்று நினைக்காதே. முதல் வருடத் திதிக்குப் போ. அந்தப் பையனுக்குக் கல்யாண வயதில் தங்கை இருந்தால் அந்தக் கல்யாணத்துக்குப் போ. அவர்கள் அழைக்காவிட்டாலும் பத்திரிகை எப்போது என்று விசாரித்துவைத்துக்கொள். நீ அட்மிரல் ஆனாலும் போ, ஆகாவிட்டாலும் போ.

நானும் வருகிறேன். வேண்டாம் என்று சொல்லாதே. நீ பேச முடியாத நேரத்தில் நான் அந்த மனிதரிடம் ஏதாவது பேசிக்கொண்டிருப்பேன், இரண்டு பேருக்கும் வயது காலத்து வியாதிகள் இருக்கும். அவர் மகன் என் தழும்பைப் பார்த்து என்ன கேட்டான் என்பதை அவரிடம் சொல்ல வேண்டும், அவன்தானோ இல்லையோ. மதுரை வரை ரயில், அங்கிருந்து சிவகங்கைக்குப் பஸ் என்று விசாரித்துவிட்டேன். நீ விசாகப்பட்டினத்திலிருந்தோ மும்பையிலிருந்தோ எங்கிருந்து வந்தாலும் மதுரையில் சந்தித்துக்கொள்ளலாம். தேதியை மட்டும் மருமகளிடம் சொல்லிவிடு.

இந்தக் கடிதத்தை உன் அம்மாவிடம் காட்டவில்லை. முருங்கை சாய்ந்ததை எழுதுகிறேன் என்று சொல்லியிருக்கிறேன். இவ்வளவு நேரமாகவா முருங்கை சாய்கிறது என்று கேட்டுவிட்டுப் போனாள். அவளுக்கு எதுவரை தெரியும் என்று எனக்குத் தெரியவில்லை, கேட்கத் தைரியமும் இல்லை. ஞாயிற்றுக்கிழமை அவளோடு பேசு. என்னிடம் கொடுக்கச் சொல்ல வேண்டாம். பேரன் கணக்கில் எத்தனை மதிப்பெண் வாங்கினான் என்று சொன்னாலே அவளுக்கு அரை மணி நேரம் ஓடிவிடும்.

அன்புடன்
அப்பா